கொஞ்சம் நில்லு, கண்ணு தெளியும்
செத்தோ உள்நாட்டுக் கடல் பயணம் – 4

சென்ற வாரம் கதையை ஜப்பானின் ஒகாயாமா ரயில் நிலையத்தில் நிறுத்தியிருந்தேன். அங்கிருந்து உள்ளூர் ரயிலில் ஊனோ துறைமுகம். ஊனோவிலிருந்து படகேறினால் இருபதே நிமிடத்தில் நவோஷிமா தீவு. துணைக்கு என் அண்ணன் மகள் வந்திருந்தாள். ஒசாகாவில் ஆறு வருடமாக வேலை பார்க்கிறவள். நவோஷிமா துறையில் கலைஞர் யாயோய் குசாமா செய்த பெரிய சிவப்புப் பூசணிக்காய் ஒன்று இருக்கிறது. அதைப் படம் எடுக்க எல்லாரும் படகின் முன்பக்கம் போய் நின்றார்கள். இவள் என் கையைப் பிடித்து இடது பக்கம் இழுத்தாள்.

“அத்தை, பூசணிக்காயை இறங்கினதும் பாத்துக்கலாம். முதல்ல இதைப் பாருங்க.”

அவள் காட்டியது ஒரு புகைபோக்கி. தீவின் வடக்கு முனையில் மிட்சுபிஷியின் தாமிர உருக்காலை 1917 முதல் இருக்கிறது. அந்தப் புகையில் ஒரு காலத்தில் சுற்றியிருந்த மரங்களெல்லாம் பட்டுப்போயின. தெற்குப் பக்கம் முற்றிலும் வேறு மாதிரி. பெனெசெ என்ற கல்வி நிறுவனத்தின் அப்போதைய தலைவர் சோயிச்சிரோ ஃபுகுதாகேயும் கட்டடக் கலைஞர் தடாவோ ஆண்டோவும் சேர்ந்து, கலைக்கூடமும் விடுதியும் ஒன்றாக இருக்கும் பெனெசெ ஹவுஸை 1992இல் அங்கே திறந்தார்கள். அதன் பிறகு வந்ததுதான் மற்றதெல்லாம். உலகம் முழுவதிலிருந்தும் ஆட்கள் தெற்குப் பக்கத்துக்குத்தான் வருகிறார்கள். ஆனால் அந்தப் புகைபோக்கியை நீங்கள் நினைவில் வைத்திருங்கள். கடைசியில் மறுபடி அதனிடம் வருவேன்.

முதல் நாள் போனது ஹொன்முரா, தீவின் கிழக்குக் கரையில் உள்ள பழைய கிராமம். தெருவில் பல வீடுகளின் சுவர்கள் கறுப்பு. மரப்பலகையின் மேல்பக்கத்தை நெருப்பில் கருக்கி, அந்தக் கரிப்படலத்தோடேயே சுவரில் அடித்திருக்கிறார்கள். மழையும் உப்புக்காற்றும் பூச்சியும் அவ்வளவு சீக்கிரம் அதை அரிக்காது. விரலால் தொட்டுப் பார்த்தேன், முதலைத் தோல்போலச் செதில் செதிலாக இருந்தது. இந்தத் தெருவில்தான் மினாமிதேரா இருக்கிறது. தெற்குக் கோயில் என்று பொருள். முன்பு கோயில் இருந்த மனையில் ஆண்டோ 1999இல் ஒரு மரக் கட்டடம் எழுப்பினார். அமெரிக்கக் கலைஞர் ஜேம்ஸ் டர்ரெலின் ஒரே ஒரு படைப்புக்காகக் கட்டியது அது. படைப்பின் பெயர் ‘நிலவின் மறுபக்கம்’.

சிலர் சிலராகத்தான் உள்ளே விடுகிறார்கள். கைப்பேசியை அணைக்கச் சொன்னார்கள். ஒரு கையைச் சுவரில் வைத்து, அது திரும்பும் இடத்தில் நாமும் திரும்ப வேண்டும் என்று வழிகாட்டிப் பெண் சொல்ல, இவள் என் காதில் தமிழில் சொன்னாள். மூன்று நான்கு திருப்பங்கள். அதற்குள் வெளிச்சம் முழுவதும் போய்விட்டது. சாதாரண இருட்டில்லை. கண்ணைத் திறந்து பார்த்தேன், மூடிப் பார்த்தேன், இரண்டும் ஒன்றுதான். முழங்காலில் ஏதோ இடித்தது. பெஞ்சு. உட்கார்ந்தோம்.

உட்கார்ந்த முதல் சில நிமிடங்கள் எனக்குப் பயமாக இருந்தது என்பதை மறைக்க விரும்பவில்லை. அறை எவ்வளவு பெரியது, கூரை எவ்வளவு உயரம், எதிரே சுவரா வெட்டவெளியா, எதுவும் தெரியவில்லை. பக்கத்தில் இருப்பவர் மூச்சு விடுவது கேட்டது. அதை வைத்து அவர் எவ்வளவு தூரத்தில் இருக்கிறார் என்று கணக்குப் போட்டேன். என் அப்பத்தா வீட்டில் நெல் குதிர் வைத்திருந்த அறைக்கு ஜன்னல் கிடையாது. அப்பத்தா விளக்கில்லாமல் உள்ளே போய் வேண்டியதை எடுத்து வருவார். பின்னாலேயே போய் வாசற்படியில் தடுமாறும் என்னிடம், “கொஞ்சம் நில்லு, கண்ணு தெளியும்” என்பார். நாற்பது வருடங்களுக்குப் பிறகு அந்தச் சொல்லைப் பிடித்துக்கொண்டு ஜப்பானில் ஒரு பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன்.

கண் தெளிந்தது. எதிரே நீள்சதுரமாக ஏதோ ஒன்று, சாம்பல் என்றும் நீலம் என்றும் சொல்ல முடியாத நிறத்தில், இருக்கிறதா இல்லையா என்பதுபோல் தெரிந்தது. தலையைத் திருப்பினால் மறைந்தது. ஓரக்கண்ணால் பார்த்தால் இன்னும் நன்றாகத் தெரிந்தது. எழுந்து நடக்கலாம் என்றார் வழிகாட்டி. கையை முன்னால் நீட்டிக்கொண்டு நடந்தேன். அது மங்கலாக ஒளிரும் ஒரு திரை என்று நினைத்துத் தொடப் போனேன். கை உள்ளே போயிற்று. திரையே இல்லை. சுவரில் பெரிய திறப்பு, அதற்கு அப்பால் மெல்லிய ஒளி நிறைந்த ஒரு வெளி.

அந்த ஒளி நாங்கள் நுழைந்த நொடியிலிருந்தே அதே அளவில் அங்கே இருந்திருக்கிறது. யாரும் விளக்கைக் கூட்டவில்லை. மாறியது எங்கள் கண்தான். வெயிலில் சிதைந்துபோகும் ரோடாப்சின் என்ற நிறமி இருட்டில் மெல்ல மெல்ல மறுபடி சேர வேண்டும். நிறம் காட்டும் கூம்பு செல்கள் பத்து நிமிடத்துக்குள் தங்கள் எல்லையை எட்டிவிடும். மங்கல் ஒளிக்கான குச்சி செல்கள் முழுதாக விழிக்க அரை மணி நேரம்கூட ஆகும். விழித்திரையின் நடுவே குச்சி செல்கள் கிடையாது, ஓரங்களில்தான் இருக்கின்றன. ஓரப்பார்வையில் நன்றாகத் தெரிந்தது அதனால்தான். டர்ரெல் கல்லூரியில் படித்தது புலனுணர்வு உளவியல். கண் வேலை செய்யும் விதத்தையே அவர் கலைக்கான பொருளாக எடுத்துக்கொண்டிருக்கிறார். மரமும் சுவரும் அந்த நேரத்தை நமக்குத் தருவதற்காக மட்டுமே நிற்கின்றன.

வெளியே வந்ததும் தெருவின் வெளிச்சம் கண்ணில் குத்தியது. இவள் ரொம்ப நேரம் பேசவில்லை. பிறகு, “அத்தை, ஆறு வருஷமா இந்த நாட்டுல இருக்கேன். ஒரு எடத்துல இவ்வளவு நேரம் சும்மா உக்காந்ததில்ல” என்றாள்.

அதே தெருவில் கடோயா என்ற வீடு, ஏறத்தாழ இருநூறு வருடப் பழையது. 1998இல் கலைஞர் தத்சுவோ மியாஜிமா அதன் உள்ளறையில் ஆழமில்லாத தண்ணீர் கட்டி, அதற்குள் 125 எல்இடி எண்கருவிகளை வைத்தார். ஒவ்வொன்றும் 1 முதல் 9 வரை எண்ணும். பூஜ்யம் வராது, அந்த இடத்தில் விளக்கு அணைந்து பிறகு மறுபடி 1 எழும். ஒவ்வொன்றின் வேகத்தையும் தீவுக்காரர் ஒருவர் முடிவு செய்தார். ஐந்து வயதுக் குழந்தையிலிருந்து 95 வயது முதியவர் வரை 125 பேர். அறையின் ஓரத்தில் உட்கார்ந்து ஒன்றை மட்டும் கவனித்தேன். பக்கத்திலிருப்பவை மின்மினிபோல் ஓட, அது 4 என்று நின்றது நின்றபடி இருந்தது. நான் எழுந்து வரும்வரை 5 ஆகவில்லை. அந்த வேகத்தைத் தேர்ந்தெடுத்தவருக்கு அப்போது என்ன வயது என்று தெரிந்துகொள்ள ஆசையாக இருந்தது. ரயில் நிலையங்களிலும் கடைகளிலும் நம்மை விரட்டும் அதே மாதிரி எண்கள்தான் இவையும். இங்கே ஒரு ஊரின் ஆட்கள் இருட்டில், தண்ணீருக்குள், அவரவர் நடையில் நடந்துகொண்டிருக்கிறார்கள்.

மறுநாள் சிச்சு கலைக்கூடம். சிச்சு என்றால் நிலத்துக்குள் என்று பொருள். 2004இல் ஆண்டோ இதைக் குன்றுக்குள் புதைத்துக் கட்டினார். வெளியிலிருந்து பார்த்தால் கட்டடம் என்று ஒன்று தெரியாது, மேலிருந்து பார்த்தால் சதுரமும் முக்கோணமுமாகச் சில திறப்புகள் மட்டும்தான். மண்ணுக்கடியில் இருந்தாலும் வெளிச்சத்துக்கு வானத்தைத்தான் நம்பியிருக்கிறார்கள். கிளோட் மோனேயின் அல்லிக்குளம் ஓவியங்கள் ஐந்து இருக்கும் அறைக்குச் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் போக வேண்டும். இரண்டு சென்டிமீட்டர் அளவுள்ள வெள்ளைப் பளிங்குத் துண்டுகளாலான தரை. சுவர்கள் சேரும் மூலைகளை வளைத்துவிட்டதால் நிழல் தேங்க இடமில்லை. மின்விளக்கு ஒன்றுகூட இல்லை. நான் நின்றிருந்தபோது மேலே ஒரு மேகம் கடந்திருக்க வேண்டும். படத்திலிருந்த ஊதா மங்கி, பச்சை மேலெழுந்து, கொஞ்ச நேரத்தில் ஊதா திரும்பி வந்தது. அச்சிலும் திரையிலும் பலமுறை பார்த்த ஓவியம் வெயிலுக்கும் மேகத்துக்கும் ஏற்ப மாறும் என்பதை அன்றுதான் கண்டேன். மோனே தோட்டத்தில் நின்று தீட்டியதும் அந்த மாற்றத்தைத்தானே.

இங்கேயும் டர்ரெலின் அறைகள் உண்டு. ஒன்றில் கூரையைச் சதுரமாகத் திறந்து விட்டிருக்கிறார். வெள்ளி, சனிக்கிழமைகளில் சூரியன் மறையும் நேரத்தில் அங்கே உட்கார வைக்கிறார்கள். சுவரில் ஒளியின் நிறம் மெல்ல மாறுகிறது. மாற மாற, மேலே வானத்தின் நிறமும் மாறுகிறது. சுவர் ஆரஞ்சானால் வானம் ஆழ்ந்த நீலம், சுவர் நீலமானால் வானம் வெளிறிவிடும். நிறம் தன் பக்கத்து நிறத்தால்தான் தீர்மானமாகிறது என்று செவ்ரேல் என்ற பிரெஞ்சு வேதியியலாளர் 1839இலேயே எழுதினார். சாயத்தொழிலில் அவர் கண்டதை வானத்தின் மேலேயே செய்து காட்டுகிறார்கள். கழுத்து வலித்தும் ஒருவரும் எழுந்திருக்கவில்லை.

மூன்றாம் நாள் காலையில் சிறிய படகில் தேஷிமா தீவு. மேட்டுக்கு ஏற மோட்டார் வைத்த சைக்கிளை வாடகைக்கு எடுத்தோம். ஏற்றம் முடிந்து சாலை வளையும் இடத்தில் கடல் முழுவதும் திறந்துகொள்கிறது. கீழே படிப்படியாக நெல் வயல்கள். அதன் ஓரத்தில் வெள்ளையாக, தரையில் விழுந்து கிடக்கும் ஒரு துளி மாதிரி, தேஷிமா கலைக்கூடம்.

கட்டடக் கலைஞர் ருயே நிஷிசாவாவும் கலைஞர் ரெய் நைதோவும் சேர்ந்து 2010இல் உருவாக்கியது. 40 மீட்டருக்கு 60 மீட்டர் பரப்பு, நடுவே ஒரு தூண்கூடக் கிடையாது. கான்கிரீட் ஓட்டின் கனம் 25 சென்டிமீட்டர். முதலில் மண்ணைக் குவித்து அந்த வடிவத்தில் ஒரு மேட்டை இழைத்து, அதன் மேல் கான்கிரீட் ஊற்றி, இறுகிய பிறகு உள்ளேயிருந்த மண்ணைத் தோண்டி எடுத்திருக்கிறார்கள். இரண்டு பெரிய திறப்புகளுக்குக் கண்ணாடி இல்லை. காற்று, இலை, பூச்சி, மழை எல்லாம் உள்ளே வரலாம்.

உள்ளே வேறு ஒன்றுமில்லை, தண்ணீர்தான். தரையில் ஊசித்துளை அளவுக்குத் துளைகள். அவற்றிலிருந்து ஒரு சொட்டு பிறக்கிறது. தண்ணீர் ஒட்டாத அந்தத் தரையின் கண்ணுக்குத் தெரியாத சரிவில், அது நகரலாமா வேண்டாமா என்று நின்று, திடீரென்று ஓடி, இன்னொரு சொட்டோடு சேர்ந்து, பாம்புபோல் நீண்டு, ஒரு சிறு குட்டையில் கலக்கிறது. நான் தரையில் மண்டியிட்டு ஒரே சொட்டைப் பின்தொடர்ந்தேன். பக்கத்தில் ஒருவர் முழங்காலை மாற்றி வைத்த சத்தம் கூரையில் பட்டு மெல்ல உருண்டு வந்தது. அதற்குப் பிறகு எல்லாரும் மூச்சையே அடக்கிக்கொண்டோம். பின்னர் திறப்பின் வழியே காற்று வந்து, மேலே தொங்கிய ஒரு மெல்லிய நூல் அசைந்தது. எவ்வளவு நேரம் இருந்தோம் என்று தெரியாது. வெளியே வந்து மணி பார்த்தபோது ஒன்றரை மணி நேரம் ஆகியிருந்தது.

இங்கேதான் அந்தப் புகைபோக்கிக்கு வர வேண்டும். தேஷிமாவின் மேற்கு முனையில் 1970களின் கடைசியிலிருந்து 1990 வரை, தொழிற்சாலைக் கழிவுகளைச் சட்டத்துக்குப் புறம்பாகக் கொட்டினார்கள். தீவுக்காரர்கள் வருடக்கணக்காகப் போராடி, 2000இல் மாவட்ட அரசோடு உடன்பாட்டுக்கு வந்தார்கள். 2003 முதல் 2017 வரை ஏறத்தாழ 9 லட்சம் டன் கழிவும் நஞ்சேறிய மண்ணும் கப்பலில் ஏறி நவோஷிமாவின் வடக்கு முனைக்குப் போயின. உருக்காலை வளாகத்தில் அதற்கென்றே அமைத்த ஆலையில் அவற்றை உருக்கினார்கள். நான் மண்டியிட்டு ஒரு சொட்டுத் தண்ணீரைப் பார்த்துக்கொண்டிருந்த தீவு, தன் நிலத்தடி நீருக்காகப் போராடிய தீவு. கலைக்கூடம் திறந்த 2010இல் கழிவுக் கப்பல்கள் இன்னும் ஓடிக்கொண்டுதான் இருந்தன.

இது தெரியாமலும் அந்தக் கட்டடத்தில் உட்கார்ந்து ரசிக்கலாம். பலர் அப்படித்தான் திரும்புகிறார்கள். எனக்கு அது போதாது. இங்கே தொழில்நுட்பம் ஒரு மண்ணைக் கெடுத்தது, பிறகு தொழில்நுட்பம்தான் அதைச் சுத்தம் செய்தது, இன்னொரு தொழில்நுட்பம் நம்மை அந்த மண்ணில் மண்டியிட வைத்தது. மூன்றையும் சேர்த்துப் பார்த்தவருக்குத்தான் தேஷிமா முழுதாகத் தெரியும்.

கடைசிப் படகுக்கு நேரமாகிவிட்டதால் எங்களால் மேற்கு முனைக்குப் போக முடியவில்லை. அங்கே தீவுக்காரர்கள் தங்கள் போராட்டத்தின் நினைவாக ஒரு சிறு கூடம் வைத்திருக்கிறார்கள். முன்கூட்டியே சொல்லிவிட்டுப் போக வேண்டும். நீங்கள் போவதாக இருந்தால் தேஷிமாவுக்கு ஒரு நாள் போதும் என்று நினைக்காதீர்கள். இரண்டு நாள் ஒதுக்குங்கள். முதல் நாள் மேற்கு முனைக்குப் போங்கள், மறுநாள் அந்த வெள்ளைத் துளிக்குள் போய் உட்காருங்கள்.

(தொடரும்)