ராணியின் முகம் இரண்டு யூரோ

ஏப்ரல் 27. சென்னையில் இந்நேரம் தார் ரோடு இளகிக்கொண்டிருக்கும். ஆம்ஸ்டர்டாமில் காலை எட்டு மணிக்கு என் பற்கள் தந்தியடித்துக்கொண்டிருந்தன. முதலில் வெயில், அடுத்து தூறல், அதற்கடுத்து பொடிப்பொடியாக ஆலங்கட்டி, மறுபடி வெயில். எல்லாம் அரை மணி நேரத்துக்குள்! "ஏப்ரல் தன் இஷ்டத்துக்குத்தான் ஆடும்" என்று இங்கே ஒரு பழமொழியே உண்டாம். நான் தங்கியிருந்த வீட்டு அம்மாள் அதைச் சொல்லிக்கொண்டே ஓர் ஆரஞ்சுக் குல்லாவை என் காதுவரை இழுத்து மாட்டினார். எழுபதைத் தாண்டியவர். அவர் கழுத்தில் ஆரஞ்சு இறகு மாலை. அரச குடும்பத்தின் பெயரே ஆரஞ்சு-நாசாவ் என்பதால், அரசரின் பிறந்தநாளன்று நாடே ஆரஞ்சில் முங்கி எழுகிறது. எதிர்வீட்டு நாய்கூட ஆரஞ்சுத் துண்டு போட்டுக்கொண்டு பெருமையாக நடந்துபோனது.

நகர மையத்துக்குள் டிராம் ஓடவில்லை, நடைதான். வோண்டல் பூங்காவுக்குள் நுழைந்ததும் வாய் பிளந்தேன். கண்ணுக்கெட்டிய தூரம்வரை தரையில் போர்வைகள், போர்வைகளின் மேல் சின்னஞ்சிறு வியாபாரிகள்! இந்தப் பூங்கா இன்றைக்குக் குழந்தைகளுக்கு மட்டும். உடைந்த பொம்மை, ஒற்றைக் காது முயல், படித்து முடித்த படக்கதை என்று எல்லாமே விற்பனைக்கு. உரிமம் கிடையாது, வரி கிடையாது. வருஷத்தில் இந்த ஒரு நாள் யாரும் தெருவில் கடை போடலாம். ஒரு சிறுமி ஸ்ருதி சேராத வயலினைக் கண்மூடி வாசித்தாள். காசு போட்டேன். நிறுத்துவாள் என்று நினைத்தால், நன்றி சொல்லி இன்னும் சத்தமாக ஆரம்பித்தாள். கொஞ்சம் தள்ளி ஒரு பையன் தன் அப்பாவையே பலகைக்குப் பின்னால் நிறுத்தி, முகத்தில் முட்டை எறியக் கட்டணம் வசூலித்தான். அப்பா சிரித்தபடி மஞ்சள் கருவைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

யோர்டான் பகுதியின் குறுகிய தெருக்களில் பெரியவர்களின் கடைகள். பழைய துணியின் வாசனை, பியர் வாசனை, பச்சை ஹெரிங் மீனும் நறுக்கிய வெங்காயமும் கலந்த ஒரு நெடி. தரையில் சாக்பீஸ் கோடு போட்டு முன்னரே பிடித்துவைத்த இடத்தில் வீட்டு அம்மாளின் போர்வையும் விரிந்தது. அதில்தான் நான் அவரைப் பார்த்தேன். தட்டில், பீங்கான் கோப்பையில், தகர டப்பாவில், பழைய கில்டர் நாணயத்தில்: பெயாட்ரிக்ஸ். 1980 முதல் 2013 வரை இந்நாட்டின் ராணி. விலை? கோப்பை இரண்டு யூரோ. பேரம் பேசினால் ஒன்றரை.

ராணியின் முகத்துக்கு நடுத்தெருவில் பேரமா என்று எனக்குக் கூசியது. அம்மாளுக்குக் கூசவில்லை. "1988-ல் இதே யோர்டானுக்கு முன்னறிவிப்பில்லாமல் வந்தார். கூட்டத்தில் ஒருத்தன் கன்னத்தில் முத்தமே கொடுத்துவிட்டான். நீ பேரத்துக்குப் பயப்படுகிறாயே!"

இதைவிட என்னை அசத்தியது பிறந்தநாள் விஷயம். பெயாட்ரிக்ஸ் பிறந்தது 1938 ஜனவரி 31. ஜனவரியில் இந்தக் கால்வாய் நகரத்தில் தெருவில் கடை போட்டால் விற்பவரும் வாங்குபவரும் விறைத்துப்போவார்கள். ஆகவே அம்மா யூலியானாவின் பிறந்தநாளான ஏப்ரல் 30-ஐயே ராணி தினமாகத் தொடரச் சொல்லிவிட்டார். நம் ஊரில் வார்டு கவுன்சிலர்கூடத் தன் பிறந்தநாள் போஸ்டரை விட்டுக்கொடுப்பாரா!

வெஸ்டர்கெர்க் தேவாலயத்தின் கோபுரம் தெரிந்ததும் அம்மாளின் குரல் தாழ்ந்தது. 1966 மார்ச் 10, பெயாட்ரிக்ஸின் திருமணம் இங்கேதான். மாப்பிள்ளை கிளாவ்ஸ் ஒரு ஜெர்மானியர். இளவயதில் ஹிட்லரின் இளைஞர் அமைப்பிலும் பிறகு ராணுவத்திலும் இருந்தவர். யூதர்களை வீடு வீடாக இழந்திருந்த நகரம் அது. பெயாட்ரிக்ஸே நாஜிப் படையெடுப்பால் சின்னக் குழந்தையாக நாட்டைவிட்டுப் போய் கனடாவில் வளர்ந்தவர்தான். ஊர்வலம் போன தெருவில் புகைக்குண்டு வெடித்தது. ஆனால் மனசு எப்படியெல்லாம் மாறுகிறது பாருங்கள்! அதே கிளாவ்ஸ் பிற்பாடு அரச குடும்பத்திலேயே மக்களுக்கு மிகப் பிடித்தவராகிவிட்டார். 1998-ல் ஒரு மேடையில் கழுத்து டையைக் கழற்றி வீசியதை இன்றும் சொல்லிச் சிரிக்கிறார்கள்.

அங்கிருந்து நேராக நடந்தால் டாம் சதுக்கம். அரண்மனையும் நியூவே கெர்க் தேவாலயமும் ஒட்டி ஒட்டி நிற்கின்றன. எதிரே கையில் ஆரஞ்சுப் பாகு பூசிய டொம்பூஸுடன் நான். இரண்டு மொறுமொறுத் தகடு, நடுவே மஞ்சள் கிரீம். இதைக் கௌரவமாகச் சாப்பிட மனிதகுலம் இன்னும் வழி கண்டுபிடிக்கவில்லை. கடித்த கடியில் கிரீம் மொத்தமும் சட்டையில்.

"1980 ஏப்ரல் 30, பெயாட்ரிக்ஸ் பதவியேற்ற அன்று இங்கே கண்ணீர்ப்புகை" என்றார் அம்மாள். வீட்டுப் பஞ்சத்தில் தவித்த இளைஞர்கள், வீடு இல்லையென்றால் முடிசூட்டலும் இல்லை என்று கோஷமிட்ட நாள். "நானும்தான் கத்தினேன். 2013-ல் அவர் பதவி விலகிக் கையெழுத்துப் போட்டபோது டிவி முன்னால் அழுதேன். ஏன் என்று கேட்காதே."

கேட்கவில்லை. ஆனால் வேறொன்று கேட்டேன்: கிரீடத்தை யார் தலையில் வைப்பார்கள்? யாரும் வைப்பதில்லையாம்! கிரீடம் மேஜைமேல் சும்மா இருக்கும். நாடாளுமன்றத்தின் இரு அவைகளுக்கு முன்னால் அரசியல் சட்டத்தின் மீது உறுதிமொழி, அவ்வளவுதான். திங்கள்தோறும் பிரதமரைச் சந்தித்து, கோப்புகளைத் துருவிப் படித்து, மந்திரிகளைக் கேள்விகளால் வியர்க்கவைத்த ராணி என்று பெயாட்ரிக்ஸுக்குப் பெயர். இருந்தும், மந்திரிசபை அமைக்கும் பேச்சுகளைத் தொடங்கிவைக்கும் அதிகாரத்தை 2012-ல் நாடாளுமன்றம் தன் கைக்கே எடுத்துக்கொண்டது. மறு வருஷம் 75 வயதில் மகன் வில்லம்-அலெக்சாண்டருக்கு இடம்விட்டு, ராணி மறுபடி இளவரசியானார். அம்மா யூலியானா, பாட்டி வில்ஹெல்மினா எல்லோரும் இப்படித்தான் ஓய்வுபெற்றிருக்கிறார்கள். நாற்காலியில் உட்கார்ந்தவர் தானே எழுந்திருப்பது ஒரு குடும்பப் பழக்கம் என்பதை நம்புவதற்கே எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.

சாயங்காலம் ரயில் நிலையத்தில் கால் வைக்க இடமில்லை. காற்று ஊதிய ஆரஞ்சு கிரீடம் வைத்த நாலு பையன்கள், நெருக்கியடித்து எனக்கும் ஓர் இருக்கை பிடித்துக் கொடுத்தார்கள். ஒருவன் தன் கிரீடத்தை என் குல்லாவின் மேலேயே வைத்துவிட்டான். இந்த நாட்டு அரசருக்கு வாய்க்காதது எனக்கு ஊட்ரெக்ட் வரைக்கும் வாய்த்தது. டிக்கெட் பரிசோதகர் மட்டும் அதைக் கொஞ்சமும் மதிக்காமல் அட்டையை நீட்டச் சொன்னார்.