31-ம் 81-ம்

சாப்பிட்ட கையோடு செல்போனை நோண்டுவது என் கெட்ட பழக்கம். அன்றைக்குச் சிக்கியது, 'எஸ்டாம்பாஸ் 1932' என்ற ஸ்பெயின் நாட்டுக் குட்டி டாக்குமென்டரி.

அந்த நாட்டு அரசாங்கம் 1931-ல் ஒரு காரியம் செய்தது. வாத்தியார்களையும் காலேஜ் மாணவர்களையும் ஒதுக்குப்புறமான கிராமங்களுக்கு அனுப்பியது. புத்தகப் பெட்டி, கிராமபோன், சினிமா மெஷின் எல்லாம் கூடவே போயின. ரோடு இல்லாத ஊருக்குக் கோவேறு கழுதை! 1936-ல் உள்நாட்டுப் போர் வந்து எல்லாவற்றையும் முடக்கிவிட்டது. மிச்சமிருப்பது, இந்த மாதிரிப் படங்களும் போட்டோக்களும்தான்.

கருவாடு ஆய்ந்துகொண்டிருந்த அம்மா எட்டிப் பார்த்தாள். "எங்க அறிவொளி கிளாஸ் மாதிரியே இருக்கு பாருல!"

எனக்குச் சுரீர் என்றது. காரணம் இருக்கிறது.

ஊர் முத்துக்குப் பேர்போன தூத்துக்குடி. எங்கள் வீட்டில் கருவாடுதான். அப்பா லாஞ்சில் கடலுக்குப் போய்விடுவார். ரேங்க் கார்டில் அவர் கையெழுத்தை நானே போடுவேன். (பின்னால் பி.காம். படிக்கப் போகிறவனுக்கு நல்ல டிரெயினிங்!) கணக்கில் 31 வாங்கிவிட்டு அம்மாவிடம் 81 என்பேன். அவளுக்குப் படிக்கத் தெரியாது என்ற தைரியம். அவளும் சந்தோஷமாக நெத்திலிக் குழம்பு வைப்பாள்.

பிளஸ் டூ முடித்ததும் கல்விக் கடனுக்காக பேங்குக்குப் போனோம். பழக்க தோஷத்தில் ஸ்டாம்ப் பேடை அம்மா பக்கம் நகர்த்தினேன். அவள் அதைத் தள்ளி வைத்துவிட்டு, பேனாவை வாங்கி, எழுத்து எழுத்தாகத் தன் பெயரை எழுதினாள். பிறகு மெதுவாக, "31-ஐயும் படிப்பேம்ல" என்றாள்.

"அப்பவே ஏம்மா கேக்கல?"

"நீயா சொல்லுதியான்னு பாத்தேன்."

1990-களில் தமிழ்நாட்டில் மாவட்டம் மாவட்டமாக நடந்த அறிவொளி இயக்கத்தின் கைங்கரியம். புதுக்கோட்டையில் ஆயிரக்கணக்கான பெண்கள் சைக்கிள் பழகியதும் அந்தப் புண்ணியத்தில்தான். எங்கள் தெருவுக்கும் சாயங்காலமானால் ஒரு காலேஜ் பெண் சைக்கிளில் வருவாளாம். தொண்டர், சம்பளம் கிடையாது. கைக்குழந்தையான என்னை மடியில் போட்டுக்கொண்டுதான் அம்மா 'அ' எழுதியிருக்கிறாள். நானும் வகுப்பில் இருந்தேன் ஸார்... தூங்கிவிட்டேன்!

"அந்த டீச்சர் பேரு என்னம்மா?"

அம்மா ரொம்ப நேரம் யோசித்தாள். "அக்கான்னுதாம்ல கூப்பிடுவோம். என்னைவிடச் சின்னப் பொண்ணு."

ஸ்பெயின் வாத்தியார்கள் போன ஊர்களுக்காவது படம் இருக்கிறது. எங்கள் சைக்கிள் அக்காவுக்கு இருப்பது, ஏதோ ஒரு பேங்க் ஃபைலில் கோணல்மாணலாக அம்மா போட்ட ஒரு கையெழுத்து.