துணிக்கடைச் சிப்பந்தியின் ஒரு நாள்

பிரெஞ்சு ஆட்சி நம் புதுவையில் விட்டுச்சென்ற கட்டடங்களுள் பழைய பாத்தே திரையரங்கமும் ஒன்று. பிற்காலத்தில் அங்கே ‘இந்தியாநோஸ்ட்ரம்’ நாடகக் குழு இயங்கியது. அக்குழுவை நிறுவிய குமரன் வளவன் இயற்பியல் பயின்றவர். பிரான்சில் அரியான் முனூஷ்கினின் புகழ்பெற்ற நாடகக் குழுவில் நடித்தவர். அவர் திரையில் ஏற்ற ஒரு பாத்திரத்தைப் பற்றியும், அப்படத்தைப் படைத்த கலைஞரைப் பற்றியுமே இங்கு நாம் எழுதத் துணிந்தோம்.

படத்தின் பெயர் ‘நசீர்’. எழுதி இயக்கியவர் கோவையைச் சேர்ந்த அருண் கார்த்திக். திரைப்படப் பள்ளி எதிலும் பயிலாமல் தாமே கற்றவர். உரையாடல் மிகக் குறைந்த அவரது முதற்படமான ‘சிவபுராணம்’ 2016இல் நெதர்லாந்தின் ராட்டர்டாம் விழாவில் திரையிடப்பட்டது. குசராத்தியைத் தாய்மொழியாகக் கொண்டு தமிழில் எழுதும் திலீப் குமாரின் சிறுகதையொன்றே ‘நசீர்’ ஆயிற்று. 2020இல் அதே ராட்டர்டாம் விழாவில் ஆசியப் படங்களுக்குரிய நெட்பாக் விருதை அது பெற்றது.

தனித்தியங்கும் கலைஞன் கதையாசிரியனாகவும் இயக்குநனாகவும் பொருள் தேடுவோனாகவும் தானே நிற்க வேண்டியிருக்கிறது. இது பெருமைக்காகச் சுமக்கும் சுமையன்று. முதலீட்டாளர் பாட்டைக் கேட்பார்; விநியோகஸ்தர் சண்டையைக் கேட்பார். ராட்டர்டாம் விழாவைச் சார்ந்த ஹியூபர்ட் பால்ஸ் நிதியின் துணையோடு எடுக்கப்பட்ட இப்படத்தில் அவ்விரண்டுக்கும் இடமில்லை. அதனாலேயே ஓர் எளிய மனிதரின் ஒரு நாள் சிதையாமல் நமக்குக் கிடைத்தது.

தமிழ்த்திரையில் முஸ்லிம் எவ்வாறு தோன்றுகிறான் என்பதை நாம் அறிவோம். ஒன்று, நாயகனுக்காக உயிர்விடும் நண்பன். அன்றேல், வெடிகுண்டு சுமக்கும் வன்முறையாளன். நசீர் இவ்விருவருமல்லர். சேலைக் கடையில் புடவை விரித்துக்காட்டும் சிப்பந்தி. வெளியூர் சென்ற மனைவிக்குக் கடிதம் எழுதுகிறார், கவிதை புனைகிறார், நோயுற்ற தாயையும், மனவளர்ச்சி குன்றிய பிள்ளையையும் பேணுகிறார். ஏறத்தாழச் சதுரமான சட்டகத்துள் கேமரா அவரை அவசரமின்றிப் பார்த்திருக்கிறது. தெருவின் ஒலிபெருக்கிகளோ பகைமையை விதைத்துக்கொண்டே இருக்கின்றன. இறுதியில் மதவெறிக் கும்பலின் கையில் அவர் உயிர் போகிறது. அவரது பகற்பொழுது முழுவதையும் உடனிருந்து கண்டமையால் அம்மரணம் நமக்குச் செய்தியாக அன்றி, நம் வீட்டு மய்யித்தாகவே கனக்கிறது.

இக்கதையை எழுதியவரும் எடுத்தவரும் நடித்தவரும் நம் மஹல்லாவினர் அல்லர். அவர்களுக்கு நாம் நன்றி பாராட்டக் கடமைப்பட்டுள்ளோம். ஆயினும் அந்நன்றியோடு ஒரு கேள்வியும் எழுகின்றது. நம் தெருக்களிலும் கடைகளிலும் நசீர்கள் எத்தனை பேர்! அவர்தம் வாழ்வை நாம் ஏன் எழுதவில்லை? கலை நமக்கு ஆகாது எனக் கருதும் பெரியோர் நம்மிடையே உண்டு. அவர்தம் அச்சத்தை நாம் எள்ளவில்லை. எனினும், நம்மைப் பற்றி நாம் சொல்லாதவற்றைப் பிறர் தம் மனம்போனபடி சொல்லிவிடுவர் என்பதையும் அவர்கள் எண்ணிப்பார்த்தல் வேண்டும்.

மாணவச் செல்வங்களே! பெருமுதல் வரும்வரை காத்திராதீர்கள். கடையடைத்து வீடு திரும்பும் உங்கள் வாப்பாவின் ஒரு நாளை உள்ளபடி எழுதத் தொடங்குங்கள்.