அரவைக்கால நாட்குறிப்பு

1999 பிப்ரவரி 6, சனி
குருவிகுளத்தில் பஸ் ஏறியபோது இருபக்கமும் கரிசல். பருத்திமார் காய்ந்து நின்றது. சங்கரன்கோவில் தாண்டி மேற்கே போகப் போக மண் நிறம் மாறி, குளங்கள் வந்து, வாசுதேவநல்லூர் எல்லையில் கரும்பு தொடங்கிவிட்டது. மேற்குத் தொடர்ச்சி மலையிலிருந்து இறங்கும் ஓடைகள் செய்கிற வேலை இது. எங்கள் ஊர்ப்பக்கம் அந்தத் தண்ணீர் எட்டிப் பார்ப்பதில்லை. அக்கா வீட்டில் ராத்தங்கல்.

பிப்ரவரி 7, ஞாயிறு
விடியற்காலையிலேயே அத்தான் வயலில் வெட்டு. ஆள்கள் அடியோடு ஒட்ட வெட்டி, சோகை உரித்து, கொழுந்தாடையைத் தட்டிவிட்டுக் கட்டுகிறார்கள். கணுவுக்குக் கீழே வெள்ளையாய்ப் படிந்திருந்த மெழுகுப்பொடி விரலில் ஒட்டிக்கொண்டது. லாரி வரத் தாமதமானதும் அத்தான் நிலைகொள்ளவில்லை.

“வெட்டுன கரும்பு காத்துக் கெடக்கப்படாது மாப்ள. எடையும் போயிரும், இனிப்பும் போயிரும்.”

உண்மைதான். வெட்டிய ஒரு நாளைக்குள் அரைக்காவிட்டால் கரும்பிலுள்ள சர்க்கரை வேறு சர்க்கரைகளாக உடைந்துவிடும். அவை சீனிப் படிகமாகத் திரளாது. சீனி ஆலை கரும்புக் காட்டை ஒட்டியே இருக்கவேண்டிய காரணமும் இதுதான். பருத்தியைப் போல மூட்டை கட்டி அடுத்த மாதம் அனுப்ப முடியாது.

பிப்ரவரி 8, திங்கள்
தரணி சுகர்ஸ் ஆலைக்குப் போனோம். 1987-இல் தொடங்கிய கம்பெனி. எடை மேடைக்கு முன்னால் லாரிகளும் டிராக்டர்களும் வரிசைகட்டி நின்றன. உருளைகளில் சாறு பிழிந்தபின் வரும் சக்கையே பாய்லருக்கு எரிபொருள். தன்னைக் காய்ச்சத் தேவையான விறகையும் கரும்பே கொண்டுவருகிறது. எனக்கு இது பெரிய விஷயமாகப்பட்டது. ஒரு டன் கரும்பில் சுமார் நூறு கிலோ சீனி கிடைத்தால் நல்ல கண்டுமுதல்.

பிப்ரவரி 9, செவ்வாய்
ஆலை வந்துதான் ஊர் உண்டானது என்று பஸ்ஸில் ஒருவர் சொன்னார். நெல்லிக்குப்பத்தில் பாரி கம்பெனியின் ஆலை 1842-இலிருந்து இருக்கிறது. அங்கே அப்படிப் பேசினால் ஒத்துக்கொள்ளலாம். இங்கே பொருந்தாது. வாசுதேவநல்லூர் அர்த்தநாரீஸ்வரர் கோயில் கொண்ட பழைய ஊர். பூலித்தேவன் வசமிருந்த கோட்டை ஊர். 1761-இல் கிழக்கிந்தியக் கம்பெனியின் தளபதி யூசுப்கான் பிடித்தான், 1767-இல் அதே கம்பெனியின் அதிகாரி கேம்ப்பெலின் படை மறுபடி முற்றுகையிட்டது. ஆலை வருவதற்கு முன்பே கொப்பரையில் வெல்லம் காய்ச்சிய கதையை அத்தானின் அப்பா இன்றைக்கும் சொல்கிறார். குளம் முதலில், ஊர் அடுத்து, ஆலை கடைசியில். இந்த வரிசையை மாற்றிச் சொன்னால் எனக்குப் பொறுக்காது.

சாயங்காலம் குளக்கரைக்குப் போனோம். கரும்புக்குப் பத்து, பன்னிரண்டு மாதம் தண்ணீர் வேண்டும். தண்ணீர் இருக்கிற அளவைப் பார்த்துவிட்டு, பாதி வயலில் மட்டும் வெட்டிய கட்டையிலிருந்தே மறுதாம்பு துளிர்க்க விடுவதென்று அத்தான் முடிவு செய்தார்.