கடைசிப் பந்து

2023ஆம் ஆண்டு ஆனி மாதத்துப் பிற்பகல் ஒன்று. கச்சான் காற்று முற்றத்து மணலை அள்ளி வீட்டுக்குள் கொட்டிக்கொண்டிருந்தது. கோமாரியில் அந்த நேரத்தில் எந்தத் தாயும் பிள்ளையை வெளியே விடமாட்டாள். என் பேரன் கணினியில் கிரிக்கெட் ஆடிக்கொண்டிருந்தான். கடைசிப் பந்தில் நான்கு ஓட்டங்கள் தேவை. ஆறு அடித்தான். கதிரையை விட்டு எழுந்து துள்ளியவன், ஏதோ நினைவு வந்தவன்போல் அப்படியே நின்றுவிட்டான்.

"அப்பாக்குக் காட்ட ஏலாமப் போச்சே, அம்மப்பா."

அவனுடைய அப்பா, என் மருமகன், கட்டாரில் வேலை பார்க்கிறார். அவர் புறப்பட்டபோது இவனுக்கு ஆறு வயது. தொலைபேசியில் இருவரும் பேசிக்கொள்வதைப் பலமுறை பக்கத்தில் இருந்து கேட்டிருக்கிறேன். சாப்பிட்டாயா, படித்தாயா என்பதோடு பேச்சு வற்றிவிடும். அந்தக் கடைசிப் பந்தைப் பற்றியாவது இருவரும் நெடுநேரம் பேசியிருப்பார்கள்.

"இனி அடிக்கும்போது பதிவு செய்துகொள்ளலாம்" என்று சொல்லிவிட்டேன். முப்பது ஆண்டுகள் பத்திரிகைக்குச் செய்தி அனுப்பியவன் என்ற மிதப்பில் சொன்ன சொல்தான் அது. விண்டோஸ் 10 வெளிவந்த 2015ஆம் ஆண்டிலிருந்தே அதனுள் 'கேம் பார்' என்றொரு வசதி இருக்கிறது. விண்டோஸ் விசையையும் 'ஜி' எழுத்தையும் சேர்த்து அழுத்தினால் திரையின் மேல் இன்னொரு திரை விரியும். ஆட்டத்தை நிறுத்தாமலே அதைக் காணொளியாக எடுத்துக்கொள்ளலாம். இவ்வளவும் எங்கோ வாசித்தது. செய்து பார்த்ததில்லை.

முதல் தவறு என்னுடையது. ஆட்டத்தைத் திறக்காமல், வெறும் முகப்புத் திரையில் வைத்துச் சோதித்துப் பார்த்தேன். முகப்பையும் கோப்புகள் இருக்கும் பகுதியையும் கேம் பார் பதிவு செய்யாது. திறந்திருக்கும் ஒரு செயலியை மட்டுமே பதிவு செய்யும். அது தெரியாமல் அரை மணி நேரம் விசைகளைக் குத்திக்கொண்டிருந்தேன். பிறகு ஆட்டத்தைத் திறந்துவைத்து முயன்றோம். அப்போதும் பதிவுப் பொத்தான் மங்கலாகவே கிடந்தது.

ஏன் என்று கண்டுபிடிக்க மூன்று நாட்கள் எடுத்தது. அந்தக் கணினி ஜேர்மனியில் இருக்கும் என் பெறாமகன் மாணவனாக இருந்த காலத்தில் பாவித்தது. ஊருக்கு வந்தபோது எங்களிடம் விட்டுப் போனான். அமைப்புகளில் கணினியைப் பற்றிய பகுதியைத் திறந்து பார்த்தால், 'விண்டோஸ் 10 புரோ என்' என்று இருந்தது. கடைசியில் நிற்கும் அந்த 'என்' ஓர் ஆங்கில எழுத்து. ("யார்ர விண்டோஸ் எண்டு கேட்டா, என் விண்டோஸ் எண்டுதே" என்றான் பேரன்.) அதற்குப் பின்னால் ஒரு வழக்கு இருக்கிறது. 2004ஆம் ஆண்டு மார்ச் 24ஆம் திகதி, பிரசல்ஸில் ஐரோப்பிய ஆணையம் மைக்ரோசொஃப்ட் நிறுவனத்துக்கு 49.7 கோடி யூரோ அபராதம் விதித்தது. ஒலி, ஒளி இயக்கும் மென்பொருள் சேராத விண்டோஸ் பதிப்பு ஒன்றையும் விற்க வேண்டும் என்று உத்தரவிட்டது. அப்படி வந்ததே 'என்' பதிப்பு. அதில் இசை கேட்கும் மென்பொருள் மட்டுமன்றி, காணொளி எடுப்பதற்கு வேண்டிய உறுப்புகளும் இல்லை. ஆட்டத்தைப் பதிவு செய்யும் வசதி அந்த உறுப்புகளை நம்பித்தான் இருக்கிறது.

மருந்து எளியது. அமைப்புகளில் 'விருப்ப அம்சங்கள்' என்ற பகுதிக்குப் போய், 'மீடியா ஃபீச்சர் பேக்' என்பதைத் தெரிவுசெய்து இறக்கிக்கொண்டு, கணினியை ஒருமுறை அணைத்து இயக்க வேண்டும். இரவு டேட்டா தொடங்கும்வரை காத்திருந்து இறக்கினோம். விடிந்து பார்த்தபோது பொத்தான் ஒளிர்ந்தது.

ஆனால் அவன் ஆடும் ஆட்டம் 2006இல் வெளிவந்த 'கிரிக்கெட் 07'. முழுத் திரையையும் பிடித்துக்கொள்ளும் அந்தப் பழைய ஆட்டத்தின் மேல் கேம் பார் விரியவே இல்லை. விண்டோஸ், ஆல்ட், ஆர் மூன்றையும் சேர்த்து அழுத்தினால் போதும் என்று பிறகு அறிந்தோம். திரை மின்னும்; பதிவு தொடங்கிவிட்டது என்று பொருள். நிறுத்துவதற்கும் அதே மூன்று விசைகள்தாம்.

இன்னொரு வசதியும் இருந்தது. அதைத்தான் நான் நெடுநேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். பின்னணிப் பதிவை இயக்கிவைத்தால், கணினி எந்நேரமும் கடந்த சில விநாடிகளை நினைவில் வைத்திருக்கும். ஆறு அடித்த பிறகு விண்டோஸ், ஆல்ட், ஜி அழுத்தினால், நடந்து முடிந்த முப்பது விநாடிகள் கோப்பாகிவிடும். செய்தியாளனுக்கு இதைவிட வேறென்ன வேண்டும்! கொப்பியை மூடி, கசற் கருவியை நிறுத்தி, படியிறங்கும்போதுதான் மனிதர்கள் உண்மையைச் சொல்வார்கள். அப்படிக் கைநழுவிய வாக்கியங்கள் எனக்கு நிறைய உண்டு. அதே வேளை, நிறுத்திவிட்டான் என்று நம்பித்தானே அவர்கள் சொன்னார்கள் என்பதும் நினைவுக்கு வந்தது. நல்லவேளை, அக்காலத்தில் என் கையில் இப்படியொன்று இருக்கவில்லை.

பின்னணிப் பதிவைப் போட்டதும் பழைய கணினி திணறத் தொடங்கியது. துடுப்பைச் சுழற்றும் வேளையில் படம் உறைந்து நின்றது. அதனால் ஒவ்வோர் ஆட்டத்தின் கடைசி ஓவரையும் முழுதாக எடுப்பதென்று முடிவாயிற்று. அப்பாவுக்குச் சொல்லிக் காட்ட அவனுடைய குரலும் வேண்டுமல்லவா? ஒலிவாங்கி அணைந்தே கிடந்தது. விண்டோஸ், ஆல்ட், எம் அழுத்தி அதையும் திறந்துவிட்டோம்.

ஆறாம் நாள் கடைசிப் பந்தில் மீண்டும் ஓர் ஆறு. 'வீடியோஸ்' உறைக்குள் 'கப்சர்ஸ்' என்ற உறையில் கோப்பு இருந்தது. இருவரும் போட்டுப் பார்த்தோம். வர்ணனையில் ரிச்சி பெனோவின் குரல். அவுஸ்திரேலிய அணியின் தலைவராக இருந்தவர். அதற்கு முன் சிட்னி நாளிதழ் ஒன்றில் பொலிஸ் செய்திகள் எழுதியவர், அந்த வகையில் எங்கள் சாதி. 2015இல் இறந்துபோனார். அவருடைய குரல் அன்றலர்ந்ததுபோல் எங்கள் வீட்டு அறையில் ஒலிக்கிறது.

என் அம்மாவின் குரல் ஒரு கசற்றில் இருந்தது. 1978ஆம் ஆண்டு கார்த்திகைச் சூறாவளியின்போது வீட்டுக்கூரை பறந்த இரவை அவர் சொல்லச் சொல்லப் பதிவு செய்திருந்தேன். நான் எடுத்த நேர்காணல்களோடு அதையும் பிஸ்கற் தகரமொன்றில் போட்டு அலுமாரியின் மேல் வைத்திருந்தேன். பிரசல்ஸில் அந்தத் தீர்ப்பு வந்த அதே 2004ஆம் ஆண்டு முடிய ஐந்து நாட்கள் இருக்கையில், கடல் ஊருக்குள் வந்தது. அலுமாரியே மிஞ்சவில்லை. தகரத்தை எங்கே தேடுவது?

காணொளியை மகள் வட்ஸ்அப்பில் அனுப்பிவைத்தாள். அன்றிரவு மருமகன் அழைத்தார். மகனோடு நெடுநேரம் பேசினார். எந்தப் பந்துவீச்சாளர், எந்தப் பக்கம் அடித்தாய் என்றெல்லாம் கேட்டார். பிறகு தொலைபேசி என்னிடம் வந்தது.

"மாமா, அதுக்குள்ள மாமி தேங்காய் திருவுற சத்தம் கேட்குது. நாலஞ்சு தரம் போட்டுக் கேட்டன்."

நான் மறுபடியும் போட்டுக் கேட்டேன். உண்மைதான். பெனோ பேசி நிறுத்தும் இடங்களில் திருவலையின் சத்தம். யன்னல் கதவு காற்றில் அடித்துக்கொள்கிறது. மகள் யாரையோ கூப்பிடுகிறாள். "இது சிக்ஸா, ஃபோரா?" என்று கேட்கும் கிழட்டுக் குரல் என்னுடையது. முதல்முறை பார்த்தபோது இவை எதுவும் எங்கள் இருவரின் காதிலும் விழவில்லை.

அடுத்த வாரம் பேரன் விசைப்பலகையில் கையை வைத்துக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தான்.

"அம்மப்பா, நீங்க கதைக்கிறதுல கொமென்றி கேட்குதில்ல. மைக்க நிப்பாட்டவா?"

"வேணாம் மனே, கிடக்கட்டும்" என்றேன்.