மலையை அளந்த கணக்கு

சென்ற கோடை விடுமுறையில் மாணாக்கர் சிலரை அழைத்துக்கொண்டு உதகைக்குப் பிரயாணம் செய்தோம். தொட்டபெட்டா உச்சியில் நின்று, "தென்னாட்டில் இதற்கு மேல் உயர்ந்த இடம் கிடையாது!" என்று கம்பீரமாகச் சொல்லி வைத்தோம். பின்னால் நின்ற சிறுவன் ஒருவன், "ஆனைமுடி, ஸார்?" என்றான். நல்ல வேளையாக மூடுபனி வந்து நம் முகத்தை மறைத்தது. தொட்டபெட்டா 2,637 மீட்டர். கேரளத்தில், வரையாடுகள் திரியும் இரவிகுளத்தில் இருக்கும் ஆனைமுடியோ 2,695 மீட்டர். 58 மீட்டரில் வாத்தியாரின் மானம் போயிற்று!

இறங்கி வருகையில் அவனே, "இவ்வளவு உயரத்தை எப்படி ஸார் அளந்தார்கள்?" என்று கேட்டான். விடை சொல்வதற்காக, திரும்பும் வழியில் எல்லோரையும் சென்னைப் பறங்கிமலைக்கு அழைத்துச் சென்றோம். மலை என்பது உபசார வார்த்தைதான். சுமார் 300 அடிக் குன்று. ஆயினும், பிற்பாடு இமயம் வரை எட்டிய அளவைக்குப் பிள்ளையார் சுழி போட்டது இதன் அருகில்தான். 1802 ஏப்ரலில் லாம்ப்டன் என்ற ஆங்கிலேய அதிகாரி இங்கே ஏறக்குறைய ஏழரை மைல் தூரத்தைச் சங்கிலியால் அளக்கத் தொடங்கினார். ஒரு பக்கமும் இரு கோணங்களும் தெரிந்தால் முக்கோணத்தின் மற்றப் பக்கங்கள் கணக்கிலேயே கிடைத்துவிடும் அல்லவா? அப்படியே முக்கோணத்தோடு முக்கோணம் சேர்த்து, குன்றுகளிலும் கோபுரங்களிலும் ஏறி வடக்கே சென்றார்கள். 1808-ல் தஞ்சைப் பெரிய கோயிலில் கயிறு அறுந்து, அரை டன் எடையுள்ள தியோடலைட் யந்திரம் சுவரில் மோதி நசுங்கிற்று. பாவம், லாம்ப்டன் தாமே உட்கார்ந்து அதைச் செப்பனிட்டார்.

சிக்கிம் எல்லையிலுள்ள கஞ்சன்ஜங்காவே உலகில் உயர்ந்தது என்று அக்காலத்தில் எண்ணியிருந்தார்கள். நேபாளத்துக்குள் நுழைய அநுமதி இல்லாமையால், நூறு மைலுக்கு அப்பால் சமவெளியில் நின்றே சிகரங்களைக் குறி பார்த்தார்கள். ஒளிக்கதிர் காற்றில் வளைவதால் நேரும் பிழையையெல்லாம் களைந்து, 15-ஆம் எண் சிகரமே உயர்ந்தது என்று 1852-ல் கணக்கிட்டுக் கண்டவர் ராதாநாத் சிக்தார் என்ற வங்காளி. 1856-ல் 29,002 அடி என்று அறிவித்தார்கள். இன்றைய அளவு 8,848.86 மீட்டர், வித்தியாசம் சுமார் 30 அடிதான்! ஆனால் 1865-ல் சிகரத்துக்குச் சூட்டிய பெயர், 1843-லேயே ஓய்வு பெற்றுவிட்ட எவரெஸ்ட் துரையினுடையது.

"கணக்குப் போட்டவர் ஒருவர், மார்க்கு இன்னொருவருக்கா, ஸார்?" என்றான் ஆனைமுடிச் சிறுவன்.

பறங்கிமலையில் லாம்ப்டனுக்கு மார்பளவுச் சிலை ஒன்று இருக்கிறது. சிக்தாரின் உருவம் பொறித்த தபால்தலை 2004-ல் வெளியாயிற்று. நம்மிடம் இருந்த ஒன்றைச் சட்டைப்பையிலிருந்து எடுத்துக் காட்டினோம். ஒருவர் கையிலிருந்து ஒருவர் கைக்குப் போன அது, இன்னும் நம்மிடம் திரும்பி வந்தபாடில்லை.