கலப்பை

தமிழ்ப்பள்ளி மாணவனிடம் கலப்பை என்றால் யாது என்று வினவினால், அவன் உழவனின் ஏரைச் சுட்டுவான். அது பிழையன்று. எனினும் சங்கப் புலவர் அச்சொல்லைப் பிறிதொரு பொருளிலும் வழங்கினர். கலம் என்பது இசைக்கருவி. அதனை இட்டு எடுத்துச் செல்லும் பை கலப்பை. மகரம் கெட்டு வல்லினம் மிக்கது என்று புணர்ச்சி விதியோடு பாடத்தை முடித்துவிடாமல், அந்தப் பையைச் சற்றே அவிழ்த்துப் பார்ப்பது நன்று.

பெருங்கௌசிகனார் பாடிய மலைபடுகடாம் அப்பையிலிருந்தே தொடங்குகிறது. முழவு, ஆகுளி, பாண்டில், கொம்பு, தூம்பு, குழல், தட்டை, எல்லரி, பதலை எனக் கருவிகளை நிரல்படச் சொல்லி, கூத்தர் அவற்றைப் பைகளில் இட்டு, வாய் சுருக்கி, காவடித் தண்டின் இருபுறமும் நிறை ஒத்திருக்குமாறு தூக்கிச் சென்றதைப் புலவர் காட்டுகிறார். பைகள் தொங்கிய தோற்றத்திற்குப் பலாமரத்தில் கொத்தாகக் காய்த்த காய்களை உவமை கூறுகிறார். அவர்கள் செல்லவேண்டியதோ நன்னனின் மலைநாடு. வழுக்கும் பாறையும் கரடுமுரடான ஏற்றமும் உடைய வழி. முழவின் தோல் ஈரம் பட்டால் தளரும். தளர்ந்தால் ஒலி கெடும். நாள்கணக்கில் நடந்து சென்று அரசவையில் நிற்கும்பொழுது கருவி ஒலிக்கவில்லையெனில் கூத்தரின் நடை அத்தனையும் வீண். ஆகவே பை அவர்களுக்கு அணி அன்று. பிழைப்பின் ஒரு பகுதி.

இதனை ஜொகூர் மாநிலத்தில், குளுவாங் வட்டாரத்துத் தோட்டப்புறத் தமிழ்ப்பள்ளி ஒன்றின் ஆசிரியர் பட்டறிந்து உணர்ந்தார். மாணவர் ஐம்பதின்மரைக் கூட எட்டாத சிறு பள்ளி அது. நாட்டார் நடனப் போட்டிக்கு ஆறு சிறுமியர் மூன்று மாதம் பயின்றனர். ஒலிபெருக்கி வேண்டும்போதெல்லாம் பக்கத்துப் பள்ளியில் இரவல் கேட்டு, அலுவலக வாயிலில் காத்து நின்ற நிலையை மாற்ற, பெற்றோர் தம்முள் பணம் திரட்டிக் கையில் தூக்கிச் செல்லத்தக்க ஒலிபெருக்கி ஒன்றை வாங்கித் தந்திருந்தனர். போட்டி நாளன்று அது ஒரு நெகிழிப் பையில் சுற்றப்பட்டு, திறந்த வண்டியின் பின்புறத்தில் பயணம் செய்தது. வழியில் மழை. மேடையில் பாட்டுத் தொடங்கிச் சிறிது நேரத்தில் கரகரத்து நின்றுபோயிற்று. சிறுமியர் ஆட்டத்தை நிறுத்தவில்லை. கைத்தாளமிட்டுக்கொண்டே இறுதிவரை ஆடி முடித்தனர். திரும்பும் வழியில் ஆசிரியரோடு எவரும் பேசவில்லை.

மறு ஆண்டு இரண்டாவது ஒலிபெருக்கி வந்தது. உடன் ஒரு பையும் வேண்டும் என்று ஆசிரியர் பெற்றோர் ஆசிரியர் சங்கக் கூட்டத்தில் கேட்டார். "ஐயா, பெட்டிக்குக் கொடுத்தோம், பைக்குமா?" என்றார் பொருளாளர். லோரி ஓட்டுபவர், ஒவ்வொரு ரிங்கிட்டும் எங்கிருந்து வந்தது என்பதை அறிந்தவர். ஆசிரியர் விடை கூறவில்லை. சென்ற ஆண்டின் ஒலிபெருக்கியை மேசைமேல் வைத்தார். அதன் கீழ்மூலை நசுங்கியிருந்தது. முகப்பு வலைக்குப் பின்னே காகிதக் கூம்பு ஈரத்தில் ஊறிச் சுருங்கியிருந்தது. பொருளாளர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "அடி எப்போதும் கீழேதான் விழும், ஐயா. மேலே பஞ்சு போட்டு என்ன பயன்?" என்றார். அவ்வளவில் பைக்கு ஒப்புதல் கிடைத்தது. அவரே கடைக்கும் உடன் வந்தார்.

பை வாங்குவது எளிய செயல் என்று எண்ணுவோர் ஒருமுறை வாங்கிப் பார்க்கட்டும். முதல் தடுமாற்றம் அளவில் ஏற்பட்டது. எட்டு அங்குல ஒலிபெருக்கி என்றால் எட்டு அங்குலம் என்பது உள்ளிருக்கும் கூம்பின் குறுக்களவு, பெட்டியின் அளவன்று. அதை நம்பி வாங்கினால் பை பாதியில் நின்றுவிடும். ஆசிரியர் பெட்டியின் உயரம், அகலம், பருமன் ஆகியவற்றைக் கைப்பிடியும் குமிழ்களும் உட்பட அளந்து தாளில் எழுதிக்கொண்டு சென்றிருந்தார். பை பெரிதாயிருந்தாலும் குற்றமே. உள்ளே ஆடும் பொருள் தன்னைத்தானே இடித்துக்கொள்ளும்.

கடைக்காரர் முதலில் எடுத்து வைத்தது பளபளக்கும் செயற்கைத் தோல் பை. பார்வைக்குச் செல்வமாயிருந்தது. ஆனால் ஜொகூரின் காற்றில் ஈரம் என்றும் உண்டு. பாலியுரித்தேன் பூசிய தோல் அவ்வீரத்தை ஏற்று மெல்லச் சிதையும். சில ஆண்டுகளில் செதில் செதிலாக உரிந்து கையிலும் சட்டையிலும் ஒட்டும். வீட்டில் அவ்வாறு உரிந்த காலணியோ நாற்காலியோ இல்லாதவர் இந்நாட்டில் அரியர். ஆசிரியர் அதை ஒதுக்கி, உட்புறம் நீர்காப்புப் பூசிய தடித்த நைலான் பையை எடுத்தார். துணி நீரை விடாது, தையல் விடும். ஊசி சென்ற ஒவ்வொரு துளையும் நீருக்கு ஒரு வழி. மேலே போர்த்தத் தனி மழையுறை உள்ள பையாகத் தேடியது அதனால்தான். 2006 டிசம்பரிலும் 2007 ஜனவரியிலும் கோத்தா திங்கியையும் சிகாமட்டையும் மூழ்கடித்த வெள்ளத்தையும், 2023 மார்ச்சில் பத்து பகாட் பட்ட பாட்டையும் கண்ட மாநிலத்தில் இதனை மிகையான அச்சம் என்று எவரும் சொல்லார்.

ஒலிபெருக்கியின் பெட்டியில் ஐ.பி.எக்ஸ். 4 என்று அச்சிட்டிருந்தது. தெறிக்கும் நீரைத் தாங்கும் என்பதே அதன் பொருள். நீரில் அமிழ்த்தினாலும் சிறிது நேரம் தாங்குவதற்கு 7 என்னும் எண் வேண்டும். நீர்காப்புள்ள கருவிக்குப் பை எதற்கு என்று கேட்போர் இந்த எண்ணை நோக்குவதில்லை. விழுந்தால் தாங்குமா என்பதை அந்த எண் சொல்வதும் இல்லை.

பொருளாளர் தம் பங்கிற்குப் பையின் அடித்தளத்தைக் கட்டைவிரலால் அழுத்திப் பார்த்துக்கொண்டிருந்தார். விரல் எளிதில் தரையைத் தொட்ட பைகளையெல்லாம் தள்ளினார். அவர் செய்தது சரியே. மெத்தென்ற நுரை, கனமான பொருள் விழும்போது முற்றும் நசுங்கி, அடியை அப்படியே உள்ளே விட்டுவிடும். சற்று இறுகிய நுரையே அதிர்ச்சியை உண்ணும்.

முகப்பில் வலை வைத்த பை ஒன்றும் இருந்தது. பையிலிருந்து எடுக்காமலே பாட்டு ஒலிக்கச் செய்யலாம். இது புதுமையன்று. தோல் உறையில் வட்ட வட்டமாகத் துளையிட்டிருந்த டிரான்சிஸ்டர் வானொலியை முதியோர் மறந்திருக்கமாட்டார். 1954இல் அமெரிக்காவில் முதல் டிரான்சிஸ்டர் வானொலி விற்பனைக்கு வந்த காலந்தொட்டே தோலுறையும் அதனோடு சேர்ந்து வந்தது. வலையால் ஒலிக்கு மட்டுமன்றி வெப்பத்திற்கும் வழியுண்டு. மூடிய பைக்குள் மின்கலத்திற்கு மின்னேற்றுவது மட்டும் எந்தப் பையிலும் ஆகாது. மழையில் நனைந்த கருவியை அப்படியே பைக்குள் வைத்து மூடுவதும் தவறு. வெளியிலிருந்து நீரைத் தடுக்கும் பை உள்ளிருக்கும் ஈரத்தையும் வெளியே விடாது.

இறுதியாக வாங்கிய பையில் அகன்ற தோள்வாரோடு, இருபக்கமும் இரண்டு கைப்பிடிகள் இருந்தன. சிறுவர் இருவர் ஆளுக்கொரு பக்கமாகத் தூக்கினால் நிறை ஒத்து நிற்கும். பலாக்காய்க் கொத்தை ஆசிரியர் அங்கேயே நினைத்திருக்கக்கூடும்.

புறநானூற்று 206ஆம் பாட்டில் ஔவையாரும் ஒரு கலப்பையோடு நிற்கிறார். அதியமான் பரிசில் நீட்டித்தபோது அவர் வாயிற்காவலனை நோக்கிப் பேசுகிறார்: கருவியைக் கட்டியாயிற்று, பையையும் சுருக்கியாயிற்று, எத்திசை சென்றாலும் உணவுண்டு என்பது அப்பேச்சின் கருத்து. கட்டிய பை தோளில் இருந்தமையால் அவர் எவர் வாயிலிலும் காத்திருக்கத் தேவையில்லை.

பையின் மேற்புறத்தில் பெயர் எழுதும் சிறு சட்டம் ஒன்றிருந்தது. பள்ளியின் பெயரை எழுதியபின் கீழே இடம் மிஞ்சியதால், ஆசிரியர் அதில் ‘கலப்பை’ என்று எழுதினார். மறுநாள் சபைகூடலுக்கு அதைத் தூக்கி வந்த ஐந்தாம் ஆண்டு மாணவி, திடலின் நடுவே நின்று எழுத்துக்கூட்டிப் படித்தாள்.

"ஐயா, இதை வைத்து உழ முடியாதே?"

"செவ்வாய்க்கிழமை தமிழ்ப்பாடத்தில் சொல்கிறேன். இப்போது பையைக் கீழே வை, மெதுவாக," என்றார் அவர்.